நான்கு அங்குலச் சுவர்

மண்சரிவில் தேயிலைத் தோட்டத்து லய வீடுகள் புதைந்த பிறகு கிடைத்த வீட்டில், பிளக் பெட்டி பதிக்க ஜெயராசா சுவரை அறுத்துக்கொண்டிருந்தார். பண்டாரவளையில் வாங்கிய பேட்டரி மெஷின். சிறிய பிளேடு இடமும் வலமுமாக அதிர்ந்து அறுக்கும். உள்ளங்கையளவு சதுரம் கழன்று விழுந்தது. ஆழம் பார்க்க அளவு டேப்பை உள்ளே விட்டார். சுவரின் கனம் நான்கு அங்குலம். டேப் ஆறடி போனது.

"பூவம்மா, அந்தப் பக்கம் டேப்பு வந்திருக்கா?"

"இல்லீங்களே," என்றாள் அடுப்படியிலிருந்த மனைவி. "செவரு அப்படியே இருக்கு."

பத்தடியும் போனது. ஓட்டைக்குள்ளிருந்து ஈரமண் வாடை வந்தது. பிறகு, மறுமுனையை யாரோ மெதுவாக இரண்டு முறை இழுத்தார்கள்.

அந்தச் சரிவில் மகள் கம்சலாவின் உடல் மட்டும் கடைசிவரை கிடைக்கவில்லை. அவளுக்கு அப்போது ஏழு வயது.

"கெட்டியா புடிச்சுக்க புள்ள! அப்பா வர்றேன்."

ஒரு கையால் டேப்பைப் பிடித்தபடி மறுகையால் ஓட்டையைப் பெரிதாக்கினார். பாதியில் சார்ஜ் தீர்ந்து மெஷின் நின்றது. பூவம்மா ஓடிவந்து பேட்டரியைச் சார்ஜில் போட்டாள். அது ஏறும்வரை இருவரும் சேர்ந்து டேப்பைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். இழுப்பு விடவேயில்லை.

பச்சை விளக்கு எரிந்ததும் ஜெயராசா மிச்சத்தையும் அறுத்தார். சுவர் திறந்தது. எதிரே அவர்களுடைய அடுப்படி. அடுப்பில் தேத்தண்ணி வற்றிக் கருகிக்கொண்டிருந்தது. டேப் எடையற்றுத் தரையில் விழுந்தது.

"அறுக்காம, புடிச்சிக்கிட்டே நின்னிருக்கலாம்ங்க," என்றாள் பூவம்மா.

அவள் விரல்கள் இன்னும் இறுக மூடியே இருந்தன.