மூடி திறக்காத உப்பு ஜாடி

ஜப்பான் கொழுக்கட்டைக்குத் தொட்டுக்கொள்ள செண்பகா வீட்டிலேயே சாஸ் கலக்கினாள். சோயா சாஸ், வினிகர், துருவிய இஞ்சி, கொஞ்சம் நல்லெண்ணெய் எல்லாம் கிண்ணத்துக்குள் போயின.

அலமாரியிலிருந்த உப்பு ஜாடிக்கு இருப்புக் கொள்ளவில்லை. "என்னைக் கூப்பிடாம இந்த வீட்ல ரசம்கூட எறக்கினதில்ல. இது வெளங்கின மாதிரிதான்!"

"கோவிச்சுக்காதீங்கண்ணே, எங்கிட்டயே உப்பு நிறைய இருக்கு," என்றது சோயா பாட்டில்.

"நேத்து வந்தவன் நீ, உனக்கென்ன தெரியும்?"

அதற்குள் செண்பகாவின் கை பழக்கதோஷத்தில் உப்பு ஜாடியை எடுத்துக் கிண்ணத்தருகே வைத்தது. திறக்கும் முன் ஒரு சொட்டு சாஸை உள்ளங்கையில் விட்டு நக்கிப் பார்த்தாள்.

"அடடா! இதுக்கு மேல ஒண்ணும் வேண்டாம்," என்று ஜாடியைத் திரும்ப அலமாரியில் வைத்துவிட்டாள்.

ஜாடி நெஞ்சை நிமிர்த்தியது.

"பாத்தியா தம்பி? நான் பக்கத்துல போய் நின்னதுமே ருசி வந்துடுச்சு!"