இரண்டு டிங்குக்கு நடுவே ஒரு முக்காலி

ரயில் நிலையத்துக் காத்திருப்பு அறையில் வீணாய்க் கிடந்த ஒரு மதியத்தைச் சுருட்டி எடுத்து வந்து, இழைப்புளியால் இழைத்து, ஊரே ஒரே வரிசையில் உட்கார்ந்து சாப்பிடும் நீளத்துக்கு மேசை செய்தாள் அண்ணி. மிஞ்சின துண்டில் கரண்டிக்குக் காம்பும் போட்டாள்.

இதை நம்பாதவர்களில் முதல் ஆள் நாத்தனார். இரண்டாவது ஆள் கிடையாது.

அண்ணிக்கு நேரத் தச்சு வேலை. மற்றவர்கள் மரத்தை அறுப்பதுபோல அவள் நேரத்தை அறுப்பாள். பட்டறையில் கடிகாரம் வைக்கமாட்டாள். அதைப் பார்த்தால் சரக்கு மிரண்டு ஓடிவிடுமாம்.

ஒருமுறை அவசரத்தில் டிக்கெட் வரிசையில் நின்றவர்களின் நேரத்தை எடுத்து பெஞ்சு அடித்துவிட்டாள். அதில் உட்கார்ந்தவர்கள் எல்லாரும் கழுத்தை நீட்டி நீட்டி முன்னால் எட்டிப் பார்த்தார்கள், பக்கத்து ஆளை முழங்கையால் இடித்தார்கள். முன்னால் இருந்தது வெறும் சுவர்.

தொழிலுக்கு ஒரே சட்டம். உடையவர் மனசார விட்ட நேரம்தான் பொருத்தில் பிடிக்கும். ரயிலுக்குக் காத்திருப்பவன் 'எப்படா ஒழியும்' என்று தலைமுழுகின நேரம் சோப்புக்கட்டி மாதிரி அறுபடும். பிடுங்கின நேரமோ ஆணி அடித்தாலும் ஆடும், உட்கார்ந்தால் கிரீச்சிடும்.

அதனால்தான் நோயாளியின் நேரத்தை இந்தத் தொழிலில் யாரும் தொடுவதில்லை. கையில் இருப்பதே கொஞ்சம். அதை எவர் விடுவார்?

"நல்லா விடறீங்க அண்ணி, ரீலு," என்பாள் நாத்தனார். அதையும் நின்றுகொண்டேதான் சொல்வாள்.

உட்கார ஏது நேரம்? அண்ணி சம்பாதிக்க, நாத்தனார் அண்ணனைப் பார்த்துக்கொள்கிறாள். பக்கவாதம் வந்து அண்ணனின் ஒரு பக்கத்தையும் பேச்சையும் சேர்த்துக் கொண்டுபோய்விட்டது. விட்டுவைத்தது இடது கையை மட்டும். அந்தக் கையில் ஒரு ஸ்பூன், பக்கத்தில் ஒரு டம்ளர்.

டிங் டிங் என்றால் தண்ணீர். டிங் டிங் என்றால் புரட்டிப் படுக்க வை. டிங் டிங் என்றால் திரையை இழு, இழுத்ததைத் திற.

முதல் டிங்குக்கும் அடுத்த டிங்குக்கும் நடுவே அவளால் ஒரு கொட்டாவியைக்கூட முழுசாக விட முடிந்ததில்லை. விட்ட அரைக் கொட்டாவிகள் தாடையிலேயே தங்கித் தங்கி, முகம் ஒரு சுற்று பெருத்துவிட்டது என்று தெருவே பேசிக்கொண்டது.

போன வாரம் துணி உலர்த்தும்போது நின்றபடியே கண் அசந்து, தன் முந்தானையையும் கொடியோடு சேர்த்து கிளிப் போட்டுவிட்டாள். யாரோ பிடித்து இழுக்கிறார்கள் என்று கொடியோடு சண்டைக்கும் போனாள்.

சிரிப்பாகத்தான் இருந்தது. ஆனால் அன்றைக்கு அவள் சிரிக்கவில்லை.

இன்று பையைக் கட்டிக் கதவுக்குப் பின்னால் வைத்துவிட்டாள். மதிய பஸ்.

"என்னால முடியல அண்ணி. நீங்க வேற யாரையாவது பார்த்துக்குங்க."

அண்ணி பட்டறைக்குப் போனாள். மூலையில் சாக்குப் போட்டு மூடி வைத்திருந்த ஒரு முக்காலியைத் தூக்கி வந்து சமையலறை வாசலில் வைத்தாள்.

"பஸ்ஸுக்கு முன்னாடி ஒரு தடவை உட்காரு."

"உட்கார விட்டுட்டாலும்! என் முழங்கால் மடங்கறதை மோப்பம் பிடிச்சே தட்டுவாரு உங்க வீட்டுக்காரரு."

உட்கார்ந்தாள்.

டிங்.

'பார்த்தீங்களா' என்று சொல்ல வாயைத் திறந்தாள். கொட்டாவி வந்தது. முழுக் கொட்டாவி. அதன் பின்னாலேயே, இத்தனை வருஷமாகத் தேங்கிக் கிடந்த பாதிக் கொட்டாவிகள் எல்லாம் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு வெளியே வந்தன.

பிறகு தூங்கினாள். அடுப்படி டப்பாக்கள் எல்லாம் அதிரக் குறட்டை விட்டுத் தூங்கினாள். வலது பக்கம் புரண்டாள், இடது பக்கம் புரண்டாள். முக்காலியில் எப்படிப் புரள்வது என்று கேட்கக் கூடாது, புரண்டாள்.

கனவில் ஆட்கள் யாரும் இல்லை. வெள்ளையடித்த உட்கூரை மட்டும். அதில் மழைத்தண்ணீர் இறங்கின ஒரு பழுப்புக் கறை, ஒற்றைக் காது முயல் மாதிரி. வெயில் அந்த முயல்மேல் ஏறி, இறங்கி, மறுபடி ஏறியது. எழ வேண்டும் என்ற நினைப்பே வரவில்லை.

கண் விழித்தபோது, முக்காலியை வைக்கக் குனிந்த அண்ணி இன்னும் முழுசாக நிமிர்ந்திருக்கவில்லை.

டிங்.

இரண்டாவது.

கால்கள் பழக்கத்தில் அண்ணன் அறைக்கு ஓடின. தண்ணீரை நீட்டினாள், வேண்டாம். புரட்டப் போனாள், வேண்டாம். திரையை இழுப்பதற்குக் கையை உயர்த்தியபோது தலையும் உயர்ந்தது.

கட்டிலுக்கு நேர் மேலே, உட்கூரையில், ஒற்றைக் காது முயல்.

இந்த அறையில் அவள் குனிந்துதான் பழக்கம். ஒரு நாளும் அண்ணாந்து பார்த்ததில்லை. அங்கே படுத்துக் கிடப்பவருக்குத்தான் அது தெரியும்.

அவள் அத்தனை புரண்டும் முக்காலி ஆடவில்லை. கிரீச் என்று ஒரு சத்தமும் போடவில்லை.

வெளியே பஸ் ஹாரன் அடித்தது. அவள் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தாள்.

அண்ணன் ஸ்பூனை டம்ளருக்குள் போட்டுவிட்டு அவள் முகத்தையே பார்த்தார். அவர் தட்டினது அதைக் கேட்கத்தான்.

"தூங்கினேண்ணா," என்றாள் நாத்தனார். "நல்லாத் தூங்கினேன்."