சிறு தீக்காயம்

"திரும்பவும் சிறு தீக்காயமா, அண்ணே?"

பேனாவை ரிஜிஸ்தருக்கு மேல் பிடித்தபடியே கேட்டான் அப்துல் ஹமீது. ஆஸ்பத்திரிக்குப் புதுக் குமாஸ்தா. என்ன கோளாறு என்று டிரஸர் சொன்னால், அச்சடித்த பட்டியலைப் பார்த்து அதற்குரிய நம்பரைப் போடுவது அவன் வேலை.

"ஆமா தம்பி. எழுபத்தொண்ணு போடு," என்றார் டிரஸர் அர்ஜுனன், நிமிராமல்.

அவர் கட்டுப் போட்டுக்கொண்டிருந்தது ருக்குமணியின் வலது கைக்கு. சூலியா தெருவுக்குப் பின்னால் ஒரு சந்தில் தனியாகக் குடியிருப்பவள். நாலு வயது மகள் அவள் சேலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

இரண்டு மாதத்தில் இது ஆறாவது தடவை. அதே கை, அதே விரல்கள். ஸ்பிரிட்டை ஊற்றினாலும் அவள் முகம் சுளிப்பதில்லை.

அவள் போனதும் ஹமீது கேட்டுவிட்டான்.

"அண்ணே, அந்தக் கையில அவங்களுக்கு உணர்ச்சியே இல்ல. அதனாலதான் சுட்டுக்கிறாங்க. இது பெருவியாதி, குஷ்டம். உங்களுக்குத் தெரியாதா?"

"கொஞ்ச நாளைக்கு விட்டுடு தம்பி."

"எதுக்கு?"

"உனக்குத் தெரியாம இருக்கிறதுதான் உனக்கு நல்லது."

தனியாக இருக்கிற பெண். அவளுக்காகப் பொய் எழுதச் சொல்லும் ஆண். அதற்கு மேல் யோசிக்க ஹமீதுக்குத் தோன்றவில்லை. வெள்ளைக்கார டாக்டர் துரையிடம் போய்ச் சொல்லிவிட்டான்.

அடுத்த தடவை அவள் வந்தபோது துரையே வந்தார். விரலில் ஊசியால் குத்தினார். ருக்குமணி இடது கையால் மகளுக்குத் தலை கோதிக்கொண்டிருந்தாள். குத்தியது அவளுக்குத் தெரியவேயில்லை.

அன்றைக்கே அவளைப் படகில், பெருவியாதிக்காரர்களை ஒதுக்கிவைக்கும் ஜெரஜாக் தீவுக்கு அனுப்பிவிட்டார்கள். பிள்ளையைப் பிரித்தபோது அவள் போட்ட சத்தத்தில் வரிசையில் நின்ற நோயாளிகளெல்லாம் தலையைக் குனிந்துகொண்டார்கள்.

அர்ஜுனனுக்கு வேலை போயிற்று. அழுது தூங்கிப்போன குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு படியிறங்கிப் போனார்.

"பாத்தியா தம்பி, பிள்ளையையே தூக்கிட்டுப் போறாரு. இப்ப வெளங்குதுல்ல?" என்றாள் ஆயா காமாரியா.

ஹமீதுக்கும் விளங்கிய மாதிரிதான் இருந்தது.

பத்து நாள் கழித்து, தகரப் பெட்டியும் கையுமாக ஒரு ஆள் வந்து நின்றான். கப்பலிலிருந்து நேராக வந்திருக்க வேண்டும். சட்டையில் உப்புக் கறை.

"தம்பி, என் பேரு பிச்சைமுத்து. ரங்கூன்ல அரிசி ஆலையில வேலை. ருக்குமணியோட வீட்டுக்காரன். டிரஸர் ஐயா இல்லையா?"

ஹமீது பேனாவைக் கீழே வைத்தான்.

"அவருதான் வரச்சொல்லி எழுதியிருந்தாரு. எனக்குப் படிக்கத் தெரியாது, அங்க ஒருத்தர் படிச்சுச் சொன்னாரு." மடியிலிருந்து கடுதாசியை எடுத்து நீட்டினான்.

அர்ஜுனனின் கையெழுத்து.

'உன் சம்சாரத்துக்குப் பெருவியாதி. தீவுக்குப் போனால் திரும்பி வருவது நிச்சயமில்லை. நீ வந்து பிள்ளையை அவள் கையிலிருந்து வாங்கிக்கொள்ளும் மட்டும் அவளை இங்கேயே வைத்திருப்பேன். என் உத்தியோகம் போனாலும் சரி. அடுத்த கப்பலிலேயே புறப்படு.'

ஹமீது நிமிர்ந்து பார்க்கவில்லை.

"அவளப் பாத்து ரெண்டு வருசமாச்சு தம்பி." பிச்சைமுத்து அவனைத் தாண்டி எட்டிப் பார்த்தான்.

"உள்ளதானே இருக்கா?"