இறந்த தேதி

புனரமைப்புத் துறை அமைச்சர் இசோபே காலெடுத்து வைக்கும் முன், “ஷூவைக் கழட்டிட்டு உள்ள வாங்க” என்றான் தோகாஷி. உள்ளே என்று சொல்ல அங்கே ஒன்றுமில்லை. வீட்டைச் சுனாமி கொண்டுபோய்விட்டது. சிமென்டுத் தரை மட்டும் கிடந்தது. இசோபே குனிந்து கழற்றிவிட்டுக் காலுறையோடு ஈரத்தில் உட்கார்ந்தார். சுற்றிலும் பத்து மீட்டர் மண் கொட்டி ஊரை உயர்த்தியாகிவிட்டது. இந்த மனை மட்டும் பாக்கி. அது தோகாஷியின் மனைவி பெயரில் இருந்தது. அவள் உடல் இன்னும் கிடைக்கவில்லை. அவள் இறந்துவிட்டதாக அவன் எழுதிக் கொடுத்தால்தான் இங்கே மண் விழும்.

“உங்களுக்கு முன்னாடி நாலு மந்திரி வந்தாங்க. எல்லாரும் நல்லாத்தான் குனிஞ்சு வணங்கினாங்க. ஒருத்தரும் ரெண்டாம் தடவை வரல.”

“நான் அப்படியில்ல.”

“மண்ணு போட்டப்புறம் இந்த இடம் எதுன்னு எனக்கே தெரியாது. அவ நினைவு நாளுக்கு வருஷா வருஷம் வந்து என்கூட நிப்பீங்களா? நின்னா எழுதித் தர்றேன்.”

வியாழக்கிழமை அமைச்சரவை மாறுகிறது. இசோபேவுக்குப் போக்குவரத்துத் துறை என்று காலையில்தான் தகவல் வந்திருந்தது. பின்னால் நின்ற செயலாளர் தரையைப் பார்த்தார்.

“வருவேன்” என்றார் இசோபே.

தோகாஷி படிவத்தை மடியில் வைத்து நிரப்பினான். இறந்த தேதி என்ற கட்டத்தில் சுனாமி வந்த நாளை எழுதவில்லை. இசோபே வந்து உட்கார்ந்திருந்த இந்த நாளின் தேதியை எழுதினான். தன் பெயர் முத்திரைக் கட்டையில் வாயால் ஊதி, கையெழுத்துக்குப் பதிலாக அழுத்தினான்.

“இதுன்னா உங்களுக்கு மறக்காது” என்று நீட்டினான்.

இசோபே இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டார்.