லட்டு கேம் போட்ட துண்டு

டேப்லெட்டுக்குள் மூச்சுவிட இடமில்லை. மறுநாள் தங்கையின் வளைகாப்பை வீடியோ எடுக்க வேண்டும் என்பதால், சிவகாமியின் விரல் வேண்டாத கேம்களைத் தேடி வந்தது.

"மூணு பேர் இறங்குங்கப்பா!" என்று பஸ் கண்டக்டர் மாதிரி கத்தியது டேப்லெட்.

கார் கேம் அழுதுகொண்டே இறங்கியது. பாம்பு கேம் சீறிக்கொண்டே இறங்கியது. லட்டு உடைக்கும் கேம் மட்டும் குதித்துக் குதித்துச் சிரித்தது.

"உன்னையும்தானே அழிக்கிறாங்க, என்ன சிரிப்பு?" என்று கேட்டது டேப்லெட்.

"அக்கா என்கிட்ட முந்நூத்தி நாற்பத்தேழாவது லெவல்ல நிக்கிறாங்கண்ணே. அதுதான் நான் சீட்ல போட்டுட்டுப் போற துண்டு!"

மறுநாள் வளைகாப்பு வீடியோ வளையல் குலுங்க ஏறி, மூன்று சீட்டிலும் சாய்ந்து உட்கார்ந்தது.

நாலாம் நாளே லட்டு கேம் திரும்பி வந்து வாசலில் நின்றது. முன்பைவிட இரண்டு சுற்று பெருத்திருந்தது.

"அண்ணே, என் சீட்டு!"

"இடமில்லையே. யாராவது இறங்கணும்."

சிவகாமியின் விரல் கொஞ்சமும் தயங்காமல் வீடியோவின் மேல் வந்து நின்றது.

"நானா?" என்று பதறியது வீடியோ. "என்னை இன்னும் ஒரு தடவைகூட யாரும் பார்க்கலையே!"

"அதனாலதாம்மா! ரைட், ரைட்!" என்று விசில் ஊதியது டேப்லெட்.