கணவாய்க் கல்

மலையிலிருந்து சந்தைக்கு இறங்குகிறவர்கள் கணவாயில் ஆளுக்கொரு கல் வைத்துவிட்டுப் போவார்கள். திரும்பி ஏறும்போது அவரவர் கல்லை அவரவரே எடுத்து எறிய வேண்டும். எறிந்தவர் அன்றைக்கு மறுபடி மலையிறங்கக் கூடாது.

எழுபத்தேழில் ஏரி உடைந்து அடிவாரத்து ஊரை வாரிக்கொண்டு போனது. அன்று புளி விற்கப் போயிருந்தவர்கள் திரும்பவில்லை. அவர்களுடைய கற்கள் கணவாயிலேயே பாசி பிடித்துக் கிடந்தன. அவற்றில் ஒன்று மங்கம்மாளின் புருஷன் சடையன் வைத்தது. பிறகு அடிவாரத்து ஊர் மேட்டுக்கு நகர்ந்தது, பஸ் வந்தது, சந்தையும் மறுபடி கூடியது. மங்கம்மாள் கொழுந்தன் ரங்கனைக் கட்டிக்கொண்டாள்.

இந்தச் சந்தையன்று இருவரும் சாமை விற்றுவிட்டு வெயில் இருக்கும்போதே கணவாய்க்கு ஏறிவிட்டார்கள். மங்கம்மாள் வழக்கம்போலத் தன் கல்லை எடுத்து எறிந்தாள். அப்புறம்தான் கவனித்தாள்.

"பழைய கல்லு ஒண்ணயும் காணோமே. காலையில இருந்துச்சே, இன்னா ஆச்சு?"

"எவனாவது மாட்டுக்காரன் தள்ளிவுட்டிருப்பான்" என்றான் ரங்கன்.

கற்கள் கிடந்த குழிகள் சேறாக இருந்தன. மழை பெய்து மாதக்கணக்காகிறது.

கணவாய்க்கு அந்தப்பக்கம் அவர்கள் ஊர் தெரிந்தது. கூரை சரிந்து ஆளில்லாமல் கிடந்த வீடுகளிலெல்லாம் அடுப்புப் புகை எழும்பிக்கொண்டிருந்தது. இவர்கள் பூட்டிவிட்டு வந்த வீட்டிலும் எழும்பியது.

ரங்கன் தன் கல்லை எடுக்கக் குனிந்தவன், எடுக்காமலே நிமிர்ந்தான்.

"அண்ணன் வந்துட்டாப்பல. நீ வூட்டுக்குப் போ."

வந்த வழியே அவன் இறங்கத் தொடங்கினான். மங்கம்மாள் அவன் பின்னால் ஓரடி வைத்து, நின்றுவிட்டாள். அவள் கல்லை எறிந்தாகிவிட்டது.