இருநூற்றுப் பன்னிரண்டு கையெழுத்துகள்

“இருநூற்றுப் பன்னிரண்டு பேர் கையெழுத்துப் போட்டாச்சு. சாமி கையெழுத்து ஒண்ணுதான் பாக்கி. அது விழுந்ததும் உன்னை நீக்கிடறதா வானொலி முதலாளி வாக்குக் கொடுத்துட்டார்!”

ரொட்டிக்கடை வாசலில், ஊரார் ‘தோன்யா’ என்று மரியாதையாக அழைக்கும் ஒப்தூலியா தன் மனுவை எவெரார்தோவின் மூக்குக்கு நேரே ஆட்டினாள்.

பதினெட்டு ஆண்டுகளாகப் பியெத்ராலிசா ஊரைக் காலைதோறும் வானொலியில் சிரிக்க வைத்துப் பிழைப்பவன் எவெரார்தோ. மேயர், பல் வைத்தியர், லாட்டரிக்காரி ஆகிய அத்தனை பேரும் அவன் தொண்டையில் குடியிருந்தார்கள். அண்மையில் பாதிரியார் அன்செல்மோவும் குடியேறிவிட்டார், அந்தச் செருமலோடு: “ம்க்கும்... என் செல்ல ஆடுகளே!”

அதைத்தான் ஒப்தூலியாவால் பொறுக்க முடியவில்லை.

“நானும் ஒரு கையெழுத்துப் போடட்டுமா, தோன்யா?” என்று மேயர் குரலில் கேட்டான். கடையே சிரித்தது.

“சிரிங்க, சிரிங்க! தேவ ஊழியரைப் பழிக்கிற வாய் எத்தனை நாளைக்கு?”

மறுநாள் புனித வெள்ளி. பீடத்தை மூடிய ஊதாத் திரைக்குப் பின்னே நின்று, ஆண்டவர் சிலுவையில் மொழிந்த ஏழு வாக்கியங்களுக்கும் பாதிரியார் பிரசங்கம் செய்வது அவ்வூர் வழக்கம். மூன்றாம் வாக்கியத்திலேயே பாதிப் பேர் உறங்கிவிடுவதும் வழக்கம்.

இந்த ஆண்டு ஒருவரும் உறங்கவில்லை.

“ம்க்கும்... என் செல்ல ஆடுகளே! ஆணி அடிக்கிறவனுக்காகவே வேண்டிக்கொண்டாரே, நமக்கு அந்த மனம் வருமா?”

ஆண்கள் தொப்பியால் கண்ணைத் துடைத்தார்கள்.

“சாமிக்கு இன்னைக்கு என்ன ஆச்சு?” என்றாள் மருந்துக்கடைக்காரி.

“அருள் இறங்கியிருக்குடி! வேற யாருக்கு இப்படிப் பேச வரும்? அந்தக் கோமாளி தலைகீழா நின்னாலும் வருமா?” என்றாள் ஒப்தூலியா, நனைந்த கைக்குட்டையைப் பிழிந்தபடி.

பிரசங்கம் முடிந்ததும் மனுவோடு பின்னறைக்கு விரைந்தாள். பாதிரியார் கழுத்தில் கம்பளித் துணி சுற்றி, வெல்லம் கரைத்த வெந்நீரைப் பருகிக்கொண்டிருந்தார்.

“கல்லையும் கரைச்சுட்டீங்க, சாமி! இப்பவாவது கையெழுத்துப் போடுங்க.”

அவர் மனுவை வாங்கித் திருப்பி, பின்புறத்தில் எழுதினார்: ‘செவ்வாய்க்கிழமை முதல் எனக்குக் குரலே இல்லை.’

அவள் வாசித்து முடிக்குமுன் பீடத்துப் பக்கக் கதவு திறந்தது.

“ம்க்கும்... சாமி, ஏழாவது வாக்கியம் சரியா வந்துதா?”

அவளைக் கண்டதும் எவெரார்தோவின் தொண்டையிலிருந்த அத்தனை பேரும் ஓடிப்போனார்கள். சொந்தக் குரல் மட்டும் மிஞ்சியது.

“அடப்பாவி! இதை நேத்தே சொல்லியிருந்தா மனுவை அங்கேயே கிழிச்சிருப்பேனே!”

“சொல்லக் கூடாது, தோன்யா. என் வேலை போனாலும் போகட்டும். சாமியே பேசினார்னு ஊர் நம்பணும். உங்க காலைப் பிடிக்கிறேன், வெளியில சொல்லிடாதீங்க.”

வெளியே மருந்துக்கடைக்காரி காத்திருந்தாள். “ஏன் தோன்யா, நிஜமாவே நம்ம சாமிதானா அப்படிப் பேசினது?”

நாலாய்க் கிழித்த மனுவைக் கைப்பைக்குள் திணித்துக்கொண்டே ஒப்தூலியா சொன்னாள்:

“வேற யாருக்கு இப்படிப் பேச வரும்? அந்தக் கோமாளி தலைகீழா நின்னாலும் வருமா?”